உயிரோடு இருந்தவனுக்குக் கட்டிய சாவுப்பாட்டு

இரண்டு தேசத்துக்கு எல்லையாக ஓடுகிற எங்கள் ஆற்றின் இந்தக் கரை, அந்தக் கரை இரண்டையும் சேர்த்து ஆயிரம் கதைப்பாட்டு எனக்குத் தலைகீழ்ப் பாடம். எந்தப் பண்ணையில் எவன் எந்தக் கிழமை செத்தான் என்று கேளுங்கள், ராகத்தோடு சொல்வேன். சரி, ஆயிரம் என்பது கொஞ்சம் கூடுதல்தான். எண்பது இருக்கும். அதிலும் பாதிக்கு நடுவில் நாலு அடி நினைவில்லை, "லலலா" போட்டு ஒப்பேற்றிவிடுவேன். பள்ளிக்கூடத்தில் முப்பது வருஷம் சரித்திரம் சொல்லிக்கொடுத்தவள் நான். கொஞ்சம் கையிலிருந்து போடாமல் சரித்திரத்தில் பிள்ளைகளை உட்காரவைக்க முடியாது.

ஆனால் கஸிமீரோ ஒலிவாரெஸ் விஷயத்தில் நான் கையிலிருந்து எதையும் போடவேண்டியதில்லை. அவருடைய பயமே போதும்.

கஸிமீரோ எங்கள் தெகொலோட்டேப் பண்ணையில் முள்வெட்டி. வடக்கிலிருந்து ரயிலில் வந்து இறங்கிய வெள்ளைக்காரர்கள் காய்கறித் தோட்டம் போடுவதற்காக, வேலமரத்தையும் சப்பாத்திக்கள்ளியையும் வேரோடு பிடுங்கிக் கொடுப்பது அவர் வேலை. உள்ளங்கை இரண்டும் செருப்புத்தோல் மாதிரி இருக்கும். சூடான சோள ரொட்டியை அடுப்புத் தட்டிலிருந்து வெறுங்கையால் எடுத்து, சாவகாசமாக உப்புத் தூவி, சுருட்டி, வாயில் வைப்பார். கை அவ்வளவு திடம். மனசு அதற்கு நேர்மாறு. இடிக்குப் பயம். கிணற்று வாய்க்குப் பயம். பங்குச் சாமியார் இருமினால் பயம். ஆற்றங்கரையில் பிறந்தவர், ஆற்றில் முழங்கால் அளவுக்கு மேல் இறங்கியதில்லை. எல்லாவற்றிலும் பெரிய வேடிக்கை, குதிரைக்குப் பயம். எங்கள் பக்கத்தில் குதிரையேறாத ஆம்பிளை என்றால் ஒன்று கைக்குழந்தை, இல்லையென்றால் பிணம். கஸிமீரோ எங்கேயும் நடந்தேதான் போவார். குதிரைக்காரன் எதிரே வந்தால் கள்ளிப் புதருக்குள் ஒதுங்கி, முள்ளைப் பிடுங்கிக்கொண்டே வீடு வந்து சேர்வார்.

அவருடைய மனைவி ரொமுவால்தா சொல்வாளாம்: "பாட்டுல பாத்தா நாப்பது குதிரைய ஓட்டுறாரு. நெசத்துல என் கோழி கொத்த வந்தா நாற்காலி மேல ஏறிடறாரு."

ஏனென்றால் இந்தக் கஸிமீரோதான் எங்கள் பண்ணையின் பாட்டுக்காரர். பழைய கிதார் ஒன்றை மடியில் வைத்துக்கொண்டு கண்ணை மூடினால் ஆளே வேறு. தைரியசாலிகளின் பாட்டைத் தைரியசாலிகள் கட்டுவதில்லை, அவர்களுக்கு அதற்கு நேரம் கிடையாது. பயந்தவன்தான் ராத்திரியெல்லாம் விழித்திருந்து, மற்றவன் எப்படிச் செத்தான் என்று யோசித்துக்கொண்டிருப்பான்.

எங்கள் பாட்டுக்கு ஒரு கட்டு உண்டு, அதை மீறக்கூடாது. முதலில் வருஷம், மாதம், கிழமை, ஊர். அப்புறம் பெயர். அப்புறம் நடந்த சண்டை. பிறகு சாகப்போகிறவன் ஏதாவது ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். கடைசி அடியில் ஒரு புறாவைப் பறக்கவிட்டுப் பாட்டு விடைபெற வேண்டும். தேதி இல்லாத பாட்டைப் பாட்டு என்று யாரும் ஒப்புக்கொள்ளமாட்டார்கள், வெறும் அழுகை என்பார்கள். சாகிறவன் வாய் திறக்காத பாட்டை யாரும் இரண்டாம் முறை கேட்கமாட்டார்கள். செத்தவன் உண்மையில் என்ன சொன்னான் என்று பாட்டுக்காரன் யாரிடம் போய்க் கேட்பது? அவன் சொல்லியிருக்க வேண்டியதைப் பாட்டுக்காரன் எழுதுவான். எங்கள் கரையில் அது பெரும்பாலும் குதிரையைப் பற்றியதாகத்தான் இருக்கும். குண்டு நெஞ்சைத் துளைக்கும்போதும் எங்கள் ஆள், "என் குதிரை தாகமாயிருக்கிறது" என்பான். இதை யாரும் யாருக்கும் கற்றுத்தரவில்லை. தாய்ப்பாலோடு வருவது.

இப்போது அந்தப் பொல்லாத வருஷத்துக்கு வருகிறேன், தொள்ளாயிரத்துப் பதினாறு. எவனோ எங்கேயோ ரயில் தண்டவாளத்தைப் பெயர்த்தான் என்று சொல்லி, எங்கள் நிறத்தில் குதிரையேறிப் போன யாரை வேண்டுமானாலும் பிடித்துக்கொண்டுபோன காலம். வேலமரத்தில் காய் தொங்கியதைவிட வேறெல்லாம் அதிகமாகத் தொங்கியது. சாயங்காலமானால் அடுப்புப் புகை வெளியே தெரியாமல் சமைத்தார்கள். நாய் குரைத்தால் அம்மாக்கள் நாயின் வாயைப் பொத்தினார்கள்.

எங்கள் வட்டாரத்துக் காவல் துரைக்கு ஹார்லன் என்று பெயர். நாங்கள் செம்மீசை என்போம், அதுவும் கதவைச் சாத்திக்கொண்டுதான். அவன் சத்தம் போடமாட்டான். அதுதான் கஷ்டம். சத்தம் போடுகிறவனிடம் எந்த நேரம் ஓடவேண்டும் என்று தெரியும்.

பெப்ரவரியில் ஒரு செவ்வாய்க்கிழமை, ஆற்றுத் துறையில் அபுந்தியோவின் உடல் கிடைத்தது. குதிரை பழக்குகிற பையன், இருபத்துச் சொச்சம் வயது. துறையை ஒட்டிய நிலம் அவனுடைய அம்மா கந்தெலாரியாவுடையது. தோட்டம் போட வந்த வெள்ளைக்காரர்களுக்கு விற்கமாட்டோம் என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அக்கரைக் கொள்ளைக்காரர்கள் சுட்டுவிட்டார்கள் என்று செம்மீசை வந்து சொன்னான். எல்லோரும் தலையாட்டினார்கள். கொள்ளைக்காரர்கள் ஏன் குதிரையை விட்டுவிட்டுப் போனார்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை. அந்தக் குதிரை தானாகவே வீட்டுக்கு வந்து வாசலில் நின்றது.

ஒன்பது நாள் செபம் முடிந்த அன்று, கந்தெலாரியா நேராகக் கஸிமீரோ வீட்டுக்கு வந்து வாசற்படியில் உட்கார்ந்துவிட்டாள்.

"கட்டு" என்றாள்.

"வேண்டாம் ஆத்தா. கும்புடுறேன்."

"ஆட்டுக்குட்டி திருடுனவனுக்கெல்லாம் பாட்டு கட்டுனியே. என் மகன் பாட்டில்லாமலா போவான்?"

"அவங்களுக்குத் தெரிஞ்சா..."

"சுட்டவன் பேரைப் போடாதே. எனக்கு அது தெரியும், கடவுளுக்கும் தெரியும். என் மகன் பேரைப் போடு."

ரொமுவால்தா உள்ளேயிருந்து எட்டிப்பார்த்தாள். நிறைமாதத்துக்கு இரண்டு மாதம் இருந்தது, கால் வீங்கியிருந்தது. "அக்கா, இவரு கோழிக்குப் பயந்த மனுஷன். இவரு கட்டுற பாட்டுல உங்க பையன் ஓடிப்போயிருவான்" என்றாள். பேச்சை வேறுபக்கம் திருப்பிப் பார்த்தாள் பாவம். கந்தெலாரியா சிரிக்கவில்லை. இருட்டும்வரை அங்கேயே இருந்தாள். பிறகு கஸிமீரோ கிதாரை எடுத்தார்.

*தொள்ளாயிரத்துப் பதினாறு பெப்ரவரி மாசமுங்க,*
*செவ்வாயாம் கிழமையிலே ஆத்துத்துறை ஓரமுங்க,*
*அபுந்தியோ வந்துநின்னான், வந்தவங்க சூழ்ந்தாங்க.*
*"சுடுறவங்க சுடுங்கய்யா, செத்தநேரம் பொறுங்கய்யா,*
*தாகத்துல நிக்குதென் குதிரை, தண்ணி காட்டி வந்திடுறேன்."*

"வந்தவங்க" என்றுதான் பாடினார். பெயர் இல்லை, அடையாளம் இல்லை. இதில் என்ன ஆபத்து வந்துவிடும் என்று கஸிமீரோவே நினைத்தார். பயந்தவர் ஒருநாள் பயப்பட மறந்தார், அவ்வளவுதான்.

பாட்டுக்குக் கால் கிடையாது, ஆனாலும் கஸிமீரோவைவிட வேகமாக நடக்கும். மாட்டுக்காரர்கள் வாயில் ஏறியது, அக்கரை போயிற்று, திரும்பி வந்தது, ரயிலடிச் சாராயக்கடையில் போய் உட்கார்ந்தது. அங்கே ஒரு நாள் செம்மீசை அதைக் கேட்டான். எங்கள் பேச்சு அவனுக்கு ஓரளவு புரியும். முதல் மூன்று அடிவரை கண்ணாடிக் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தானாம். குதிரை, தண்ணீர் என்று வந்ததும் கிண்ணத்தைக் கீழே வைத்தானாம்.

மறுநாளிலிருந்து விசாரணை. பக்கத்துப் பண்ணைக்குப் போய், அன்று பாடிய மாட்டுக்காரர்கள் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு போனார்கள். ஒருவன் திரும்பி வந்தான். வந்தவன் பேசவில்லை. அவன் அம்மா சோள ரொட்டியைப் பிய்த்து வாயில் வைத்தால் மென்றான், அவ்வளவுதான். கடைசியாகப் பேசியபோது ஒன்றை மட்டும் சொன்னான்: "ஒரே கேள்வியத்தான் கேட்டாங்க. குதிரைக்குத் தண்ணி கேட்ட வார்த்தை எங்கிருந்து வந்துச்சுன்னு."

எங்கள் பண்ணையில் இது யாருக்கும் விளங்கவில்லை. பெயர் போட்டிருந்தால் கோபம் வரலாம். "சுட்டாங்க" என்றதற்குக் கோபம் வரலாம். குதிரைக்குத் தண்ணீர் கேட்டதில் என்ன வந்தது? புரியாத பயத்தைப்போல ஒரு பயம் உலகத்தில் இல்லை. எந்தப் பக்கம் பாம்பு இருக்கிறது என்று தெரிந்தால் மற்ற பக்கம் காலை வைக்கலாம்.

கஸிமீரோ பாட்டைத் திரும்ப வாங்கப் பார்த்தார். வீடு வீடாகப் போனார். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, "அந்த ஒரு அடிய மட்டும் மாத்திப் பாடுங்க. குதிரை வேண்டாம். 'ஆண்டவரே'ன்னு போட்டுக்கங்க" என்று கெஞ்சினார்.

என் அம்மாவிடமும் வந்தார். அம்மா துணி பிழிந்துகொண்டிருந்தாள். "ஏன்ணே, 'ஆண்டவரே'ன்னு போட்டா சந்தம் உதைக்குதே" என்றாள்.

"என் கழுத்தவிடவா சந்தம் பெருசு?"

"சரிண்ணே. நான் மாத்திக்கிறேன். ஆனா என் வாய் கேக்காதே. மாவு பிசையறப்போ அது தானா வருது."

அக்கரைக்கு ஓடிவிடச் சொன்னார்கள். ரொமுவால்தாவை அந்த நிலைமையில் தூக்கிக்கொண்டு ஆற்றைத் தாண்ட முடியாது. அவளை விட்டுவிட்டுப் போனால் செம்மீசையின் ஆட்கள் வந்து அவளை விசாரிப்பார்கள். தவிர, ஆறு. கஸிமீரோவுக்குச் செம்மீசையிடம் இருந்த பயமும் ஆற்றிடம் இருந்த பயமும் இரண்டு பக்கமும் பிடித்து இழுத்ததில், மனிதர் நடுவில் அப்படியே நின்றுவிட்டார். ராத்திரி தூங்குவதில்லை. முள் வெட்டப் போனால் கோடாலியை ஓங்கியபடி நின்று, குளம்புச் சத்தம் கேட்கிறதா என்று காது கொடுப்பார். சாப்பாடு இறங்கவில்லை. "நீங்க மெலியறதப் பாத்தா, துரை வர்றதுக்குள்ள மிச்சம் ஒண்ணும் இருக்காது போலருக்கே" என்று ரொமுவால்தா சொல்லிவிட்டு, மறுபக்கம் திரும்பி அழுதாளாம்.

மார்ச் மாதத்து ஞாயிறு ஒன்று. எங்கள் பண்ணையில் ஒரு குழந்தைக்கு ஞானஸ்நானம். கோவிலிலிருந்து திரும்பி, முற்றத்து மரத்தடியில் வெள்ளாட்டுக் கறியும் மொச்சைக் குழம்புமாக எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். யாரும் பாடவில்லை. கிதார் இருந்தது, சுவரில் சாய்ந்து. வராமலிருந்தால் சந்தேகம் வரும் என்று கஸிமீரோவும் வந்திருந்தார். நான் காய்ச்சலோடு வீட்டில் கிடந்தேன். அம்மா காப்பிக் கூஜாவோடு அங்கே நின்றாள். இனிமேல் நான் சொல்வது அவள் சொன்னது. அவள் என்னைவிடப் பெரிய கதைக்காரி, ஆனால் இந்த ஒரு கதையை மட்டும் அவள் சொல்லும்போது கூஜாவைப் பிடித்த மாதிரியே இரண்டு கையையும் இறுக்கிக்கொள்வாள்.

மூன்று குதிரை. இரண்டு பேர் வேலிக்கு வெளியே நின்றார்கள், துப்பாக்கி மடியில். செம்மீசை மட்டும் இறங்கி உள்ளே வந்தான். தொப்பியைக்கூட எடுத்தான். காலியாக இருந்த நாற்காலியில் உட்கார்ந்து, கைத்துப்பாக்கியை மேசைமேல், ரொட்டித் துணிக்குப் பக்கத்தில் வைத்தான். அம்மா அவனுக்குக் காப்பி ஊற்றினாள். ஊற்றாமல் என்ன செய்வது?

"கஸிமீரோ யார்?" என்றான்.

யாரும் காட்டிக்கொடுக்கவில்லை. ஆனால் முற்றத்தில் ஒருவர் மட்டும் நடுங்கிக்கொண்டிருந்தார்.

"நீ பாட்டுக்காரன்?"

"ஞாயித்துக்கிழமை மட்டும் துரை."

"அபுந்தியோ பாட்டு. நீ செய்தது?"

கஸிமீரோவால் இல்லை என்று சொல்ல முடியவில்லை. பொய் சொல்லவும் கொஞ்சம் தைரியம் வேண்டும். "ஆமா துரை."

"நீ அங்கே இருந்தது. புதரில். பார்த்தது, கேட்டது."

"ஐயோ இல்ல துரை! மாதா மேல சத்தியம். நான் அன்னிக்கு வடக்குத் தோட்டத்துல முள்ளு வெட்டிட்டு இருந்தேன்."

"கூட யார்?"

"யாருமில்ல. தனியா."

"தனியா" என்று செம்மீசை தானும் சொல்லிப் பார்த்துக்கொண்டான். காப்பியைக் குடித்தான். "அப்போ அந்த வார்த்தை? குதிரை, தண்ணி. யார் உனக்கு சொன்னது?"

"யாரும் சொல்லல துரை. நானா கட்டுனது."

"பொய்."

"ஆமா துரை, பொய்தான். பாட்டுன்னா அப்படித்தான். செத்தவங்க என்ன சொன்னாங்கன்னு எங்களுக்கு எப்படித் தெரியும்? நாங்களாப் போட்டுக்குவோம்."

செம்மீசை மீசையைத் துடைத்தான். வேலிப்பக்கம் திரும்பி, தன் ஆட்களைப் பார்த்தான். திரும்பவும் கஸிமீரோவைப் பார்த்தான். "அப்படியா? யாருக்கு வேண்டுமானாலும் கட்டுவது? பார்க்காமலே?"

"யாருக்கு வேணும்னாலும் துரை."

"எனக்குக் கட்டு."

முதலில் யாருக்கும் புரியவில்லை. புரிந்ததும் கிழவர்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். உயிரோடு இருப்பவனுக்கு எங்களில் யாரும் பாட்டுக் கட்டுவதில்லை. கட்டினால் அவனைக் குழியில் இறக்கிய மாதிரி. ரொமுவால்தா வயிற்றைப் பிடித்துக்கொண்டு முன்னால் வந்தாள்.

"துரை, அது கூடாதுங்க. உசிரோட இருக்கறவங்கள அப்படிப் பாடமாட்டாங்க."

"பாடினால்?"

"போயிருவாங்க."

"நான் போகிறது இல்லை" என்றான் செம்மீசை. "பாடு. பார்க்காமல் கட்டுவது எப்படி என்று காட்டு. காட்டவில்லை என்றால், நீ பார்த்தது."

கிதாரைக் கஸிமீரோ கையில் யாரோ கொடுத்தார்கள். அவர் உட்காரவில்லை. உட்கார்ந்தால் எழுந்திருக்கக் கால் வராது என்று நினைத்திருப்பார். சுருதி கூட்டினார், கூடவில்லை. மறுபடியும் கூட்டினார்.

அவர் நிலைமையை நினைத்துப் பாருங்கள். முதல் அடியிலேயே தேதி வேண்டும். கடந்துபோன தேதியைப் போட முடியாது, ஆள் எதிரிலேயே காப்பி குடிக்கிறான். வருகிற தேதியைப் போட்டால் அவன் சாகும் நாளை அவனிடமே சொன்னதாகும். அப்புறம் சாகும்போது சொல்லும் வார்த்தை. கோழை மாதிரிப் பேசவைத்தால் மேசைமேல் இருப்பது பேசும். வீரன் மாதிரிப் பேசவைத்தால், அதோ தண்ணீர்ப் பானைக்குப் பக்கத்தில் கறுப்புத் துணி போர்த்துக்கொண்டு கந்தெலாரியா நிற்கிறாள். எந்த முகத்தோடு அவளை அப்புறம் பார்ப்பது? உயிர் ஒரு பக்கம், ஊரில் தலைநிமிர்ந்து நடப்பது ஒரு பக்கம். இரண்டுக்கும் நடுவே ஒரு பழைய கிதார்.

*தொள்ளாயிரத்துப் பதினேழு நவம்பரு மாசமுங்க,*
*வெள்ளியாம் கிழமையிலே ரயிலடி ஓரமுங்க,*
*ஹார்லனென்னும் துரைமகனைச் சுத்திவளைச்சு நின்னாங்க...*

அடுத்த அடி வரவில்லை. கிதார் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. இரண்டு சுற்று, மூன்று சுற்று. வேலிக்கு வெளியே ஒரு குதிரை காலைத் தூக்கி வைத்தது. என் அம்மாவின் கையில் கூஜா சுட்டது, கீழே வைக்க அவளுக்குத் தோன்றவில்லை.

பயந்தவனுக்குப் புதுச் சொல் வராது. வாய் தனக்குத் தெரிந்த வழியிலேயே போயிற்று.

*"சுடுறவங்க சுடுங்கய்யா, செத்தநேரம் பொறுங்கய்யா,*
*தாகத்துல நிக்குதென் குதிரை, தண்ணி காட்டி வந்திடுறேன்."*

செம்மீசை எழுந்து நின்றுவிட்டான். "இது அவன் வார்த்தை."

கஸிமீரோ கிதாரை நெஞ்சோடு பிடித்துக்கொண்டார். "எல்லாருக்கும் இதேதான் துரை! வேற எனக்குத் தெரியாது. எங்க பாட்டுல சாகற ஆம்பிள எல்லாரும் குதிரைக்குத்தான் தண்ணி கேப்பாங்க. எங்க தாத்தாவுக்குக் கட்டுன பாட்டுலயும் இதேதான். அவரு காய்ச்சல்ல கட்டில்ல கெடந்து செத்தாரு. அவர்கிட்ட இருந்தது ஒரு கழுதை."

யாரோ ஒருவர் சிரித்துவிட்டார். வாய் தவறி, பயத்தில் வருகிற சிரிப்பு. உடனே நின்றது.

செம்மீசை முகத்தில் முதல்முறையாக ஒன்று தெரிந்தது. குழப்பம். வீட்டில் தனியாக இருக்கும்போது தனக்குத்தானே பேசிக்கொள்வோமே, அந்தக் குரலில் சொன்னான்:

"ஆனால் அவன் நிஜமாகவே அதுதான் சொன்னது."

சொல்லிவிட்டான். முற்றத்தில் இருந்த அத்தனை பேர் காதிலும் விழுந்தது. தான் சொன்னது அவனுக்கே ஒரு மூச்சு கழித்துத்தான் உறைத்தது. இத்தனை நாள் ஒரு சாட்சியைத் தேடி அலைந்தவன், இப்போது முற்றம் நிறையச் சாட்சிகளைத் தானே உண்டாக்கிவிட்டான். அவன் பார்வை ஒவ்வொரு முகமாகப் போயிற்று. கிழவர்கள், பெண்கள், ஞானஸ்நான உடையில் குழந்தை. கை மேசைமேல் இருந்தது, ரொட்டித் துணிக்குப் பக்கத்தில். வெளியே இரண்டு பேரும் சேணத்தில் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். "அப்ப நான் உன்னைத்தான் நினைச்சேன், அடுப்புல கஞ்சி வச்சிட்டு வந்தேனே, யாரு இறக்குவாங்கன்னு" என்று அம்மா என்னிடம் சொல்லியிருக்கிறாள். சாகும் நேரத்தில் அவளுக்கு வந்த வார்த்தை அது. அதைப் பாட்டில் வைக்க முடியாது.

அப்போது கந்தெலாரியா பேசினாள். பானைப் பக்கத்திலிருந்து நகரவில்லை, குரலை உயர்த்தவும் இல்லை.

"வேற என்ன சொல்லுவான்? இந்தப் பாட்டுங்களக் கேட்டு வளந்த புள்ளதானே."

செம்மீசை அவளைப் பார்த்தான்.

"தண்ணி காட்ட விட்டீங்களா துரை?" என்று கேட்டாள்.

அவன் பதில் சொல்லவில்லை. மரத்தில் இருந்த காடைக்குருவிகூடச் சத்தம் போடவில்லை என்பாள் அம்மா. காடை மரத்தில் உட்காராது என்று நான் சொன்னால் அடிக்க வருவாள். செம்மீசை காப்பிக் கோப்பையைத் தள்ளிவைத்தான். பிறகு துப்பாக்கியை உறையில் போட்டான், தொப்பியை வைத்துக்கொண்டான், நடந்து வெளியே போனான். மூன்று குதிரைகளும் வடக்கே போகும் சத்தம் தேயும்வரை ஒருவரும் அசையவில்லை. அப்புறம்தான் கஸிமீரோ கீழே உட்கார்ந்தார். உட்கார்ந்தவரைத் தூக்க நான்கு பேர் தேவைப்பட்டார்கள்.

நியாயம் கிடைத்ததா என்று கேட்காதீர்கள். பத்திரிகையில் கொள்ளைக்காரர்கள்தான் சுட்டார்கள். நான் பள்ளியில் நடத்திய புத்தகத்தில் அபுந்தியோ என்ற பெயரே இல்லை. பாடம் முடிந்ததும் கதவைச் சாத்திவிட்டுப் பிள்ளைகளுக்குப் பாட்டைச் சொல்லிக்கொடுப்பேன். இப்போது அதில் இன்னும் இரண்டு அடி உண்டு: தாய் கேட்கிறாள், வந்தவன் பதில் சொல்லவில்லை. அதைக் கஸிமீரோ கட்டவில்லை. ஊர் கட்டியது.

மே மாதம் கஸிமீரோவுக்குப் பெண் பிறந்தாள், நிக்கனோரா என்று பெயர் வைத்தார்கள். பிற்பாடு அவள்தான் என் மூத்த மகளுக்கு ஞானத்தாய் ஆனாள். செம்மீசையோ, தேதி நெருங்க நெருங்கத் தூக்கமில்லாமல் போனான். ரயிலடிப் பக்கம் வருவதை விட்டான். வெள்ளிக்கிழமைகளில் வீட்டைவிட்டு இறங்குவதில்லை. கடைசியில் பதினேழாம் வருஷம் அக்டோபரில் வீட்டை விற்று, மூட்டையைக் கட்டிக்கொண்டு, பனி விழுகிற ஏதோ வடக்கு ஊருக்கு ஓடியே போனான். அதற்கப்புறம் இந்த ஆற்றங்கரை அவன் முகத்தைப் பார்க்கவில்லை. துப்பாக்கி துரத்தாதவனைப் பாட்டுத் துரத்திவிட்டது. கஸிமீரோ அதற்குப் பிறகு முப்பது வருஷம் நிம்மதியாக...

இதுவரை எழுதியதை நான் உரக்கப் படித்துக்கொண்டிருந்தேன். எதிரே நிக்கனோரா சப்பாத்திக்கள்ளி மடலில் முள் சீவிக்கொண்டிருந்தாள். கத்தி நின்றது.

"யாரு அக்கா ஓடிப்போனது?"

"செம்மீசைதான்."

"அவரு எங்கயும் போகல."

"போனான்னு என் அம்மா..."

"உங்கம்மா அந்த ஞாயித்துக்கிழமையத்தான் பாத்தாங்க. அதுக்கப்புறம் வந்ததெல்லாம் இருட்டினப்புறம், தனியா, எங்க வீட்டுக்குத்தான். அந்த நவம்பரு கடைசி வெள்ளி முடிஞ்ச மறுநாளே வந்தாராம். 'பார், நான் சாகவில்லை. வருஷத்தை மாற்றிப் பாடு'ன்னு நாற்காலியப் போட்டு உக்காந்தாராம். அப்பா மாத்திப் பாடுனாரு. அதுக்கு மறு வருஷமும் வந்தாரு. எனக்கு நெனவு தெரிஞ்சதுலேர்ந்து வருஷா வருஷம் நான் பாத்திருக்கேன். நவம்பரு பொறந்தா அப்பா வாசலையே பாத்துக்கிட்டு இருப்பாரு. அம்மா எங்கள அடுப்புக்குப் பின்னால உக்காத்தி வெச்சிருவா. அந்த ஆளு வந்து, அப்பாவப் பாட வெச்சு, கண்ண மூடிக் கேட்டுட்டு, ஒரு வார்த்தை பேசாம எழுந்து போயிருவாரு. பாடினா அடுத்த நவம்பரு வரைக்கும் சாகமாட்டோம்னு அவருக்கு ஒரு நம்பிக்கையோ என்னமோ. எதையாவது தப்பாப் பாடுனா என்ன ஆகும்னு அப்பாவுக்கு வருஷம் பூரா நடுக்கம். முள்ளு வெட்டிக்கிட்டே ஒத்திகை பாப்பாரு."

நான் பேனாவைக் கீழே வைத்தேன். "எப்ப நின்னுச்சு?"

"ஒரு வருஷம் வரல. படுக்கையிலயே போயிட்டாருன்னு சேதி வந்துச்சு. அப்பா நம்பல. மறு நவம்பருக்கும் வருஷத்த மாத்தி வெச்சுக்கிட்டு, சட்டைய மாத்திக்கிட்டு, கிதாரோட உக்காந்திருந்தாரு. கண்ண மூடுற வரைக்கும் அப்படித்தான்." கத்தியை எடுத்து அடுத்த மடலைத் திருப்பினாள். "நிம்மதியா முப்பது வருஷம்னு எழுதியிருக்கீங்களே, அத மொதல்ல அடிங்கக்கா."